மைக்கம்மாவின் மூடுபனி

பேருந்து நிலையத்தில் அவளுக்கு மைக்கம்மா என்று பெயர். ஓட்டுநர்கள் வைத்த பெயர். எந்த வண்டி எந்த மேடையிலிருந்து எப்போது கிளம்பும் என்று காலை முதல் மதியம் வரை ஒலிபெருக்கியில் சொல்லிக்கொண்டிருப்பது அவள் வேலை. அவள் முகத்தைப் பார்த்தவர்கள் குறைவு, குரலைக் கேட்காதவர்கள் அந்த ஊரில் இல்லை. மதியம் வீட்டுக்கு வந்து கதவைச் சாத்தினால் குரல் அப்படியே அடங்கிவிடும். பேச ஆள் இல்லை. கணவர் போய்ச் சேர்ந்து வருடங்கள் ஆகிவிட்டன. ஒரே மகள் கல்யாணமாகி இரண்டு தெரு தள்ளி இருக்கிறாள். மைக்கம்மா சாப்பிட்டுத் தட்டைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு, ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு, ஏரிக்குப் போவாள்.

ஏரி கம்ப்யூட்டருக்குள் இருந்தது. மகள் விட்டுவிட்டுப் போன பழைய கம்ப்யூட்டர், அதில் அவள் ஏற்றி வைத்திருந்த ஒரு விளையாட்டு. ஒரு படகு, ஒரு ஏரி, ஏரியைச் சுற்றிக் குட்டிக் குட்டி ஊர்கள். படகில் பார்சல் ஏற்றிக்கொண்டு போய் வீடு வீடாகக் கொடுத்தால் புள்ளி கிடைக்கும். புள்ளி சேர்ந்தால் பெரிய படகு கிடைக்கும். மைக்கம்மா இத்தனை நாளில் ஒரு பார்சல்கூடக் கொடுத்ததில்லை. பாவம், அந்த ஊர்க்காரர்கள் இன்னும் காத்துக்கொண்டுதான் இருப்பார்கள்.

அந்த விளையாட்டைத் திறப்பது லேசுப்பட்ட காரியம் இல்லை. முதல் தடவை கிளிக் செய்தால் கறுப்பாக ஒரு கட்டம் வந்து, ஏதோ தப்பான வீட்டுக்குள் நுழைந்துவிட்ட ஆள் மாதிரி, வந்த வேகத்தில் மறைந்துவிடும். இரண்டாம் தடவை பாட்டு மட்டும் கேட்கும், படம் வராது. பாட்டு ஓடிக்கொண்டிருக்கும்போதே மூன்றாம் தடவை கிளிக் செய்ய வேண்டும். அதற்கு முன்னால் பிரிண்டரின் வயரைப் பிடுங்கிவிட வேண்டும். பிரிண்டருக்கும் படகுக்கும் என்ன உறவு என்று கேட்காதீர்கள். என்றோ ஒரு நாள் அந்த வயர் கழன்று கிடந்தபோது விளையாட்டு ஒழுங்காகத் திறந்தது, அன்றிலிருந்து அது சட்டமாகிவிட்டது. கம்ப்யூட்டரோடு மல்லுக்கட்டும் எல்லோரிடமும் இப்படி ஒரு சட்டம் இருக்கும். இல்லை என்று சொல்பவரை நான் நம்ப மாட்டேன்.

திறந்துவிட்டால் பனி. எங்கே திரும்பினாலும் பனி. படகின் மூக்கு தெரியும், துடுப்பு தெரியும், துடுப்பு விழுகிற இடத்தில் தண்ணீர் சுழிப்பது தெரியும். அதற்கு அப்பால் வெள்ளை. எங்கோ ஒரு பறவை ஒரு தடவை கூப்பிட்டுவிட்டு, பதில் வருகிறதா என்று காத்திருக்கும். தண்ணீர் மரத்தில் தட்டும். மைக்கம்மா துடுப்புப் போடுவாள். ஜன்னல் வெயில் சுவரிலிருந்து இறங்கித் தரைக்கு வந்து, தரையில் நடந்து, அவள் கால் விரல்களைத் தொட்டுவிட்டுப் போகும். அவளுக்குத் தெரியாது. அறையும் நாற்காலியும் எங்கோ கரையில் நின்றுவிட்டிருக்கும்.

ஏரியின் நடுவைத் தாண்டியதும், எதிர்க்கரை இருக்க வேண்டிய இடத்தில் பனி கொஞ்சம் கறுத்திருக்கும். நெட்டுக்குத்தாக, ஆள் உயரத்துக்கு. நெருங்கினால் பனி அடர்ந்து அதை மூடிக்கொள்ளும். கொஞ்சம் பின்வாங்கினால் மறுபடி தெரியும்.

அவளுடைய கணவர் தினமும் அவள் வேலை முடிகிற நேரத்துக்குப் பேருந்து நிலையத்துக்கு எதிரே வந்து நிற்பார். எதிரேதான், சாலையைத் தாண்டி இந்தப் பக்கம் வரவே மாட்டார். "ஊருக்கே வழி சொல்றவ நீ. நீயே தாண்டி வா" என்பார். ஓடுகிற வண்டிகளுக்கு நடுவே அவர் தெரிவார், மறைவார், மறுபடி தெரிவார். ஒரு விடுமுறை நாள் மதியம் தூங்கப் போனவர் எழுந்திருக்கவில்லை.

ஆகவே, பனிக்குள் நிற்பது யார் என்று மைக்கம்மா யாரையும் கேட்கவில்லை. அவளுக்குப் பைத்தியம் ஒன்றும் இல்லை. கம்ப்யூட்டருக்குள் யாரும் வந்து நிற்க மாட்டார்கள் என்று அவளுக்கும் தெரியும். தெரிந்துகொண்டே போவதில் ஒரு சுகம், அவ்வளவுதான். துடுப்புப் போட்டுக்கொண்டே அன்றைய கதையெல்லாம் சொல்வாள். புது மேலாளருக்கு மூக்கின் மேல் கோபம் வருகிறது என்பாள். யாரோ மைக் அறையில் குடையை விட்டுவிட்டுப் போய், அதைத் தன்னுடையது என்று கேட்டு அரை மணிக்கு ஒரு தடவை வேறு வேறு ஆள் வந்ததைச் சொல்லிச் சிரிப்பாள். மகளிடம் அவரைப் பற்றிப் பேச வழியில்லை. அப்பா என்று ஆரம்பித்தாலே அவளுக்குக் கண் நிறைந்துவிடும். எழுந்து போய், கழுவிய பாத்திரத்தையே மறுபடி கழுவுவாள். பிள்ளையை அழவைப்பானேன் என்று மைக்கம்மாவும் அந்தப் பேச்சை விட்டுவிட்டாள். அவருக்கு மிச்சம் இருந்த ஒரே இடம் அந்த ஏரிதான்.

அப்படி இருக்கும்போது, ஒரு மதியம், விளையாட்டு திறக்கவில்லை.

கேட்காமல் கொள்ளாமல் தானாக ஏதோ புதுப் பதிப்பு ஏறியிருந்தது. மைக்கம்மா கிளிக் செய்தாள். கறுப்புக் கட்டம்கூட வரவில்லை. பிரிண்டர் வயரைப் பிடுங்கினாள், செருகினாள், பிடுங்கினாள். கம்ப்யூட்டரை அணைத்துவிட்டு, கோபம் தணியட்டும் என்று குளித்துவிட்டு வந்து போட்டாள். "மன்னிக்கவும், இயக்க இயலவில்லை" என்று ஒரு வரி வந்து நின்றது. தன் ஒலிபெருக்கியில் ரத்தான வண்டிகளுக்கு அவளே சொல்கிற வரி அது. அதைத் தன் வீட்டிலேயே தன்னிடமே யாரோ சொல்லக் கேட்டபோது அவளுக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. அந்த வாரம் முழுக்க மேடை எண்களை மாற்றி மாற்றிச் சொல்லி, இரண்டு ஓட்டுநர்களிடம் வாங்கிக் கட்டிக்கொண்டாள்.

கடைசியில் மகளிடம் சொன்னாள். மகள் மாப்பிள்ளையிடம் சொன்னாள்.

மாப்பிள்ளை லிஃப்ட் மெக்கானிக். வேலை செய்கிற இடத்தில் அவருக்கு லெவல் என்று பெயர். லிஃப்டின் தரையும் மாடியின் தரையும் ஒரு நூல் ஏற இறங்க நின்றாலும் அவருக்குச் சோறு இறங்காது. எந்தப் பொருளும் இருமக் கூடாது, முனகக் கூடாது. கம்ப்யூட்டர் விளையாட்டுகள் என்றால் அவருக்கு உயிர், ஆனால் அவர் விளையாடி யாரும் பார்த்ததில்லை. ஓடாததை ஓட வைப்பார். ஓட ஆரம்பித்ததும் மூடிவிட்டு, ஓடாத இன்னொன்றைத் தேடுவார்.

மாமியாருக்கும் மாப்பிள்ளைக்கும் நடுவே சண்டை சச்சரவு கிடையாது. மரியாதைதான் மலை மாதிரி இருந்தது. "வாங்க மாப்பிள்ளை", "வரேன் அத்தை", அத்தோடு சரி. மீதிப் பேச்செல்லாம் மகள் வழியாகவே போய்வரும், மூவரும் ஒரே அறையில் இருந்தாலும்.

விடுமுறை நாள் காலையில் வந்து அவர் கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்தார். மைக்கம்மா சமையலறை வாசலில் நின்றாள்.

"எப்பலேருந்து திறக்கலன்னு கேக்குறாரும்மா" என்றாள் மகள்.

"தானா ஏதோ ஏறிச்சே, அதுலேருந்துன்னு சொல்லு."

"காதுல விழுந்துச்சு" என்றார் மாப்பிள்ளை, திரையை விட்டுக் கண்ணை எடுக்காமல்.

அவர் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்த்தார். விளையாட்டின் கோப்புகள் எல்லாம் முழுசாக இருக்கின்றனவா என்று சரிபார்த்தார். பழைய அமைப்புகளை வழித்துத் துடைத்தார். படத்தைத் திரையில் வரைகிற கார்டுக்கு டிரைவர் என்று ஒரு மென்பொருள் உண்டு; அது அரதப் பழசு என்று உச்சுக்கொட்டிவிட்டு, புதியதை இறக்கிப் போட்டார். கம்ப்யூட்டரை அணைத்து எழுப்பினார். பிரிண்டர் வயர் செருகியபடியே இருந்தது. சொல்லலாமா என்று மைக்கம்மா வாயைத் திறந்து, மென்று விழுங்கினாள்.

ஒரே கிளிக். திறந்துவிட்டது.

நீல வானம். பச்சைக் குன்று. ஏரித் தண்ணீரில் குன்றின் நிழல், அதில் ஒவ்வொரு புல்லும் தனித்தனியாக.

"பாருங்க அத்தை" என்றார் மாப்பிள்ளை. சந்தோஷத்தில் மகளை நடுவில் வைக்க மறந்துவிட்டார். "எவ்வளவு தெளிவா இருக்கு. இத்தனை நாள் வெள்ளையா ஒண்ணு மூடியிருந்துச்சுன்னு அவ சொன்னாளே, அது கோளாறு. பழைய டிரைவரோட வேலை. விளையாட்டுல விடியும்போது கொஞ்ச நேரம்தான் பனி. நீங்க பாவம், அதோடவே ஓட்டியிருக்கீங்க."

"ரொம்ப நல்லதுங்க மாப்பிள்ளை" என்றாள் மைக்கம்மா.

அவர்கள் போன பிறகு அவள் படகை எடுத்தாள். ஏரி அத்தனை சின்னது என்று அவளுக்கு அதுவரை தெரியாது. நாலு தடவை துடுப்புப் போட்டால் நடு. அங்கிருந்து எதிர்க்கரை பளிச்சென்று தெரிந்தது. ஒரே அச்சில் வார்த்த மரங்கள் வரிசையாக நின்றன. புல்தரை கொஞ்ச தூரம் போய், வரைந்து முடித்த இடத்தில் நின்றுபோயிருந்தது. தண்ணீர் ஓரத்தில் படகு கட்டுகிற கம்பம் ஒன்று. நெட்டுக்குத்தாக, ஆள் உயரத்துக்கு. அவள் அதன் பக்கத்தில் போய்ப் படகை நிறுத்தினாள். "கட்டுவதற்கு இங்கே அழுத்தவும்" என்று எழுத்து மின்னியது. அவள் அழுத்தவில்லை. கம்ப்யூட்டரை அணைத்துவிட்டுப் படுக்கையில் போய் விழுந்து, கணவர் போனபோது ஆட்கள் சூழ்ந்து நின்றதால் அழ முடியாமல் போன அழுகையையெல்லாம் சேர்த்து அழுதாள்.

யாரிடம் போய்ச் சொல்வது? மகனாக இருந்தால் நாலு திட்டுத் திட்டி, பழையபடி ஆக்கிக் கொடுடா என்று ஒற்றைக் காலில் நிற்கலாம். மாப்பிள்ளை தன் விடுமுறையை விட்டுவிட்டு வந்து, நல்லது நினைத்துச் செய்துகொடுத்ததை எந்த வாயால் குறை சொல்வது? அதுவும் என்ன குறை, நன்றாகத் தெரிகிறது என்ற குறை. மைக்கம்மா கம்ப்யூட்டர் மேல் ஒரு துண்டைப் போட்டு மூடினாள். மதியங்களில் சும்மா உட்கார்ந்து வெயில் நகர்வதைப் பார்த்தாள். அது நகரவே மாட்டேன் என்றது.

சில நாள் கழித்து, ஒரு பாத்திரத்தைத் திருப்பிக் கொடுக்க மாப்பிள்ளை தனியாக வந்தார். மகளுக்கு அன்று மருந்துக் கடையில் வேலை. கொடுத்துவிட்டுத் திரும்பியவர் துண்டைப் பார்த்துவிட்டார்.

"விளையாட்டு ஓடுதா அத்தை?"

"நல்லா ஓடுதுங்க மாப்பிள்ளை. தடங்கல் எதுவும் இல்லை. மிகத் தெளிவாக இருக்கிறது."

மாப்பிள்ளை நின்றார். மூடிய கதவுக்குள் லிஃப்ட் போகிற சத்தத்தை வைத்தே எந்தச் சக்கரம் தேய்ந்திருக்கிறது என்று சொல்கிற காது அது. "மைக்ல பேசற மாதிரி பேசறீங்களே அத்தை" என்றார்.

மைக்கம்மாவுக்கு அதற்கு மேல் பூசி மெழுக வரவில்லை. நடுவில் வைத்துப் பேச மகளும் இல்லை. சுவரைப் பார்த்துக்கொண்டு சொன்னாள்.

"அந்தப் பனி எனக்கு வேணுங்க. கோளாறுன்னு தெரியும். அதுக்குள்ள உங்க மாமா நின்னாரு. நிக்கலைன்னும் தெரியும். ஆனா தெரியாத மாதிரி இருந்துச்சு. தினமும் போய்ப் பேசிட்டு வருவேன். இப்ப போனா அங்க ஒரு கம்பம் இருக்கு."

சொல்லிவிட்டு, சிரிப்பாரோ என்று பயந்தாள். வீட்டில் போய் மகளிடம் சொல்வாரோ, அம்மாவுக்கு ஏதோ ஆகிவிட்டது என்று இருவரும் கூடிப் பேசுவார்களோ என்றும் இருந்தது.

மாப்பிள்ளை முழுக்கைச் சட்டையை முழங்கை வரை சுருட்டிக்கொண்டு, துண்டை எடுத்து மடித்து வைத்துவிட்டு உட்கார்ந்தார்.

கோளாறைச் சரிசெய்ய ஆயிரம் வழி எழுதி வைத்திருக்கிறார்கள். சரியாக இருப்பதைப் பழைய கோளாறுக்கே கொண்டுபோக ஒருத்தரும் ஒரு வழியும் எழுதி வைக்கவில்லை. மாப்பிள்ளை புது டிரைவரைக் கழற்றினார். பழையதைத் தேடிப் பிடித்துப் போட்டார். திறந்தார், நீல வானம் பல்லைக் காட்டியது. விளையாட்டின் பழைய பதிப்பை எங்கிருந்தோ வரவழைத்தார். மறுபடி நீல வானம். ஒரு புல்லின் நுனியாவது மங்கியிருக்கிறதா என்று திரையோடு மூக்கை ஒட்டிக்கொண்டு பார்த்தார். "எனக்கு மட்டும் எல்லாம் ஒழுங்கா நடக்குது பாருங்க" என்று முணுமுணுத்தார். வாழ்க்கையில் முதல் தடவையாக அவர் அதை வருத்தத்தோடு சொன்னார்.

மைக்கம்மா சமையலறை வாசலை விட்டு வந்து, பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். எப்போது வந்தாள் என்று அவளுக்கே தெரியாது.

"நான் ஒண்ணு சொன்னா தப்பா நினைக்க மாட்டீங்களே?"

"சொல்லுங்க அத்தை."

"பிரிண்டர் வயரைப் பிடுங்கணும்."

"அதுக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்ல அத்தை."

"இல்லதாங்க."

அவர் ஒரு நிமிடம் அவளைப் பார்த்தார். பிறகு மேசைக்கு அடியில் குனிந்து பிடுங்கினார். மேலே வந்து, கடைசியாக எதையோ ஒன்றை அணைத்து, எதையோ ஒன்றைப் போட்டு, கிளிக் செய்தார். கறுப்புக் கட்டம் வந்து மறைந்தது. இருவரும் மூச்சு விடவில்லை. இரண்டாவது கிளிக்குக்குப் பாட்டு மட்டும் வந்தது. "இப்பவே, இப்பவே" என்றாள் மைக்கம்மா, மரியாதையெல்லாம் மறந்து அவர் கையைத் தட்டி. மூன்றாவது கிளிக்.

வெள்ளை. ஓர் ஓரத்திலிருந்து மறு ஓரம் வரை வெள்ளை. அந்தப் பறவை ஒரு தடவை கூப்பிட்டுவிட்டுக் காத்திருந்தது.

மாப்பிள்ளை எழுந்து நாற்காலியை அவளுக்கு விட்டார். அவள் துடுப்புப் போட்டாள். படகின் மூக்கு பனியைப் பிளந்துகொண்டு போயிற்று. அறை மறுபடி கரையில் நின்றுவிட்டது. நடு ஏரியைத் தாண்டியதும், எதிரே, பனி கறுத்து நின்றது.

மைக்கம்மா துடுப்பை நிறுத்தினாள்.

கறுத்து நிற்பது கம்பம். அதன் பின்னால் ஒரே அச்சில் வார்த்த மரங்கள். அதன் பின்னால் ஒன்றும் இல்லை. அவள் பார்த்துவிட்டாள், பார்த்ததை எந்த டிரைவரைக் கழற்றி எடுப்பது? இத்தனை பாடுபட்டுப் பனியைக் கொண்டுவந்த மனிதரிடம் இதையும் சொல்ல வேண்டியிருக்கிறதே.

"எனக்குத் தெரிஞ்சு போச்சு மாப்பிள்ளை" என்றாள். "உங்களைச் சொல்லல. ஆனா அங்க யாரும் இல்லன்னு எனக்கு இப்ப தெரிஞ்சு போச்சு."

படகு சும்மா மிதந்தது. தண்ணீர் மரத்தில் தட்டியது. மாப்பிள்ளை அவள் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டு நின்றார். பழுது பார்க்கிறவருக்குக் கையில் கருவி இல்லாதபோது நிற்கவே தெரியவில்லை.

"நான் பாக்கல அத்தை" என்றார்.

"என்னது?"

"அன்னிக்கு நான் கரையைப் பாக்கவே இல்ல. படம் எத்தனை வேகத்துல ஓடுதுன்னு மேல மூலையில ஒரு நம்பர் வரும். நான் அதை மட்டும்தான் பாத்தேன். இன்னிக்கும் பக்கத்துப் புல்லைத்தான் பாத்தேன், படகை எடுக்கவே இல்ல. நீங்க கம்பம்னு சொன்னீங்க, ஆனா நான் என் கண்ணால எதையும் பாக்கல."

மைக்கம்மா திரும்பிப் பார்த்தாள். அவர் பொய் சொல்கிற ஆள் இல்லை. பக்கத்து நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, பனியையே பார்த்தார்.

"நீங்க துடுப்புப் போடுங்க. நான் பாத்துக்கிட்டு வரேன்" என்றார். பிறகு, கொஞ்சம் தயங்கி, "ஆனா எனக்கு மாமாவை அடையாளம் தெரியாதே. கல்யாணத்துக்கு முன்னாடியே போயிட்டாரு. வீட்டுல கேட்டா அவ அழுவா, அதனால நானும் கேட்டதில்ல. எப்படி நிப்பாரு அத்தை? அது தெரிஞ்சாத்தானே தேட முடியும்."

இத்தனை வருடத்தில் அவளிடம் யாரும் கேட்காத கேள்வி அது.  

"நேரா நிக்க மாட்டாரு" என்றாள். "எதுலயாவது சாஞ்சுக்குவாரு. சட்டையில ஒரு கையை மடிச்சிருப்பாரு, இன்னொண்ணை மடிக்க மறந்திருப்பாரு. என்னைப் பாத்துட்டா கையெல்லாம் தூக்கிக் காட்ட மாட்டாரு. லேசா தலையை மட்டும் ஆட்டுவாரு."

"எப்படி, இப்படியா?" மாப்பிள்ளை மேலும் கீழும் ஆட்டிக் காட்டினார். "இல்ல, இப்படியா?" பக்கவாட்டில் சாய்த்துக் காட்டினார்.

"ரெண்டாவதுங்க" என்றாள் மைக்கம்மா, கண்ணீர் வழிய, துடுப்பை எடுத்து.

"சரி" என்று சொல்லிவிட்டு, மாப்பிள்ளை கண்ணாடியைக் கழற்றிச் சட்டை முனையில் துடைத்து மாட்டிக்கொண்டு, எதிர்க்கரையைப் பார்க்க ஆரம்பித்தார்.